ராயபுரத்திலிருந்து பழவேற்காடு வரை: வழிகாட்டியோடு ஒரு நாள் கரையோரப் பயணம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வடசென்னையிலிருந்து வடக்கே கடலோரமாகப் போய் எண்ணூர், மீஞ்சூர், பொன்னேரி, பழவேற்காடு பார்த்துவிட்டு மாலையில் திரும்புவதுதான் இந்தப் பயணம். சொந்தக்காரர்கள், பக்கத்துத் தெருக்காரர்கள், பிள்ளைகளின் பள்ளி நண்பர்கள் என்று ஆள் சேர்த்து வேனில் போய் வருவோம். ஒவ்வொரு முறையும் வாட்சாப்பில் அதே கேள்விகள் வருகின்றன. கேட்டவர்கள் கேட்டபடியே கேள்விகளை வைத்திருக்கிறேன்.

வடசென்னையில சுத்திப் பாக்க என்னங்க இருக்கு? மகாபலிபுரம் போலாமே?

மகாபலிபுரம் போங்கள், யார் வேண்டாம் என்றது! ஆனால் 1639-இல் இங்கிலாந்துக்காரர்கள் சென்னையில் காலூன்றுவதற்கு முன்பே, வடக்கே பழவேற்காட்டில் டச்சுக்காரர்கள் கோட்டை கட்டி முடித்திருந்தார்கள். தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்துதான் வாலாஜா பக்கம் கிளம்பியது. அந்த நிலையக் கட்டடம் இன்னும் நிற்கிறது, அதன் வழியே ரயிலும் ஓடுகிறது. பம்பாயிலும் தானேயிலும் இருந்த முதல் கட்டடங்கள் இப்போது இல்லை. அதனால் நாட்டில் மிஞ்சியிருக்கும் மிகப் பழைய நிலையம் நம்முடையதுதான்.

தெருமுனையில் இருப்பதாலேயே நாம் இவற்றைப் பார்ப்பதில்லை.

எத்தனை மணிக்குக் கிளம்பணும், எப்போ வீட்டுக்கு வரலாம்?

காலை ஐந்தரைக்கு ராயபுரத்தில் வேன் ஏறினால் மாலை ஏழு மணி சுமாருக்குத் திரும்பிவிடலாம். பழவேற்காடு சென்ட்ரலிலிருந்து ஏறக்குறைய 55 முதல் 60 கிலோமீட்டர். தூரம் பெரிதில்லை, மணலி பக்கத்து லாரிகள்தான் நேரத்தைத் தின்னும்.

பலரும் ராயபுரம், திருவொற்றியூர் எல்லாம் முடித்துவிட்டுக் கடைசியில் பழவேற்காடு போவார்கள். அப்படிப் போனால் உச்சி வெயிலில் ஏரிக்கரையில் நிற்க வேண்டியிருக்கும், பறவைகளும் தள்ளிப் போயிருக்கும். என் யோசனை, வரிசையைத் தலைகீழாக்குங்கள். நேராகப் பொன்னேரி போய் டிபன், வழியில் திருப்பாலைவனம் கோயில், எட்டரைக்குப் பழவேற்காடு. சாப்பிட்டுவிட்டுத் திரும்பும்போது எண்ணூர் முகத்துவாரம், கோயில் நடை திறக்கும் நேரத்துக்குத் திருவொற்றியூர், கடைசியாக ராயபுரம் நிலையம்.

எந்த மாசம் நல்லா இருக்கும்?

டிசம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி முடிய. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்து வயல் பச்சையாக இருக்கும், ஏரியில் வலசைப் பறவைகள் இருக்கும். அக்டோபர், நவம்பரில் புயல் எச்சரிக்கை பார்க்காமல் தேதி குறிக்காதீர்கள். ஏப்ரல், மே வேண்டவே வேண்டாம்.

வழிகாட்டி எதுக்கு? போன்ல மேப் இருக்கு, போர்டு படிச்சா போதாதா?

மாமல்லபுரத்தில் போர்டு படித்தே சமாளிக்கலாம், சிற்பம் கண் முன்னால் இருக்கிறது. இந்தப் பாதையில் பாதி விஷயம் கண்ணுக்குத் தெரியாது. பழவேற்காடு ஏரியில் வரிசையாகக் கழிகள் நட்டு வலை கட்டியிருப்பதைப் பார்த்தால் நமக்கு வெறும் வலை. அங்கே ‘பாடு’ என்ற முறை தலைமுறை தலைமுறையாக இருக்கிறது. ஏரியில் இறால் நன்றாகப் படும் இடங்களில் இன்றைக்கு யார் வலை போடுவது, நாளைக்கு யார் என்று குப்பத்துக்காரர்களே முறை வைத்துப் பிரித்துக்கொள்கிறார்கள். நல்ல இடம் ஒருவருக்கே போய்விடாமல் இருக்க அப்படி ஓர் ஏற்பாடு. இதைச் சொல்ல போர்டு கிடையாது.

வழிகாட்டியை எப்படித் தேர்ந்தெடுப்பது என்று கேட்பவர்களுக்கு: சுற்றுலாத் துறையின் அடையாள அட்டை உள்ளவர் வரலாற்றை ஒழுங்காகச் சொல்வார். பழவேற்காட்டில் மட்டும் உள்ளூர்க்காரர் ஒருவரையும் கூட வைத்துக்கொள்ளுங்கள். முன்னவருக்கு ஆண்டுகள் தெரியும், பின்னவருக்கு வலையும் தண்ணீரும் தெரியும். இருவருக்கும் தனித்தனியாகப் பணம் கொடுங்கள். ‘டீ குடிச்சுக்கோங்க’ என்று கையில் எதையோ திணித்துவிட்டு வரக் கூடாது.

பழவேற்காட்டுல டச்சுக் கோட்டை இருக்குன்னு போனோம், வெறும் புதர்தான் இருந்துச்சு. ஏமாத்திட்டாங்களா?

ஏமாற்றவில்லை, அந்தப் புதர்தான் கோட்டை. 1613-இல் எழுந்த ஜெல்டிரியா கோட்டை அது. அகழியின் தடமும் மண்மேடும் செங்கல் சிதறலும்தான் மிச்சம். டச்சு கிழக்கிந்தியக் கம்பெனிக்குச் சோழமண்டலக் கரை முழுவதற்கும் 1690 வரை இதுதான் தலைமையகம், அதற்குப் பிறகு நாகப்பட்டினத்துக்கு மாற்றினார்கள். இங்கே வெடிமருந்து செய்தார்கள். இங்கிருந்து கட்டம் போட்ட கைத்தறித் துணி கப்பல் கப்பலாகக் கீழைத் தீவுகளுக்குப் போனது, அங்கே அதைக் கொடுத்து வாசனைப் பொருள் வாங்கினார்கள். அப்புறம், மனிதர்களையும் ஏற்றினார்கள். பஞ்ச காலங்களில் அடிமைகளாக விலைபோன நம் ஆட்கள் இந்தக் கரையிலிருந்து பத்தாவியாவுக்கு, அதாவது இன்றைய ஜகார்த்தாவுக்கு, போயிருக்கிறார்கள். துணியைப் பற்றி மட்டும் பேசிவிட்டு இதை விழுங்கிவிடும் வழிகாட்டி எனக்கு ஒத்துவராது.

இங்கிலாந்துக்கும் ஹாலந்துக்கும் நடந்த சண்டைகளில் ஊர் கைமாறிக் கைமாறி, 1825-இல் முழுவதுமாக ஆங்கிலேயர் கைக்கு வந்தது. அதற்குள் சென்னை வளர்ந்துவிட்டது, இந்தத் துறைமுகத்தின் தேவையும் போய்விட்டது. கோட்டையைப் பார்க்கும்போது ‘இங்கே என்ன இருந்தது’ என்று யாராவது பக்கத்தில் நின்று சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் முள்செடியைப் பார்த்துவிட்டு வந்ததாகத்தான் இருக்கும்.

கல்லறைத் தோட்டத்துல என்ன பாக்குறது? பசங்க பயப்படாதா?

முழுப் பயணத்திலும் பிள்ளைகள் அதிக நேரம் நிற்கும் இடம் அதுதான், அனுபவத்தில் சொல்கிறேன். வாசலின் இரண்டு பக்கமும் கல்லில் செதுக்கிய எலும்புக்கூடுகள் நிற்கின்றன. உயிர் நிலையாது என்று உள்ளே வருபவருக்குச் சொல்வதற்காக வைத்தது. பெரியவர்கள் சற்றே தயங்குவார்கள், பிள்ளைகள் ஓடிப்போய் பக்கத்தில் நின்று போஸ் கொடுப்பார்கள்.

உள்ளே 76 கல்லறைகள், பதினேழு பதினெட்டாம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. சில தரையோடு கிடக்கும் கற்பலகை, சில குவிமாடம் வைத்தவை, சில கூம்பாக எழும்பியவை. பலகைகளில் குடும்பச் சின்னமும் டச்சு எழுத்தும் ஆழமாக வெட்டியிருக்கிறார்கள். முந்நூறு வருட உப்புக்காற்றுக்கும் எழுத்து மழுங்கவில்லை. கற்களில் உள்ள ஆண்டுகளைக் கூட்டிக் கழித்துப் பாருங்கள், சிறு வயதில் போனவர்கள் எத்தனை பேர் என்று தெரியும்.

தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள இடம். கதவு பூட்டியிருந்தால் அக்கம்பக்கத்தில் கேளுங்கள், காவலாளியைக் கூப்பிட்டுவிடுவார்கள். கல்லறைமேல் ஏறி உட்காருவது, பெயர் கிறுக்குவது கூடாது. இதைச் சொல்லவேண்டியிருப்பதே வருத்தம்.

பச்சைப் பசேல்னு கிராமம் வருமா, இல்ல லாரியும் புகையும்தானா?

இரண்டும் வரும், ஒன்றை ஒதுக்கி இன்னொன்றை மட்டும் காட்ட முடியாது. திருவொற்றியூரிலிருந்து மணலி புதுநகர், மீஞ்சூர் வரை தொழிற்சாலை, கொள்கலன் லாரி, எண்ணெய்க் குழாய். மீஞ்சூர் தாண்டினதும் காற்று மாறும். பொன்னேரியை ஒட்டி ஆரணி ஆறு, இரு பக்கமும் நெல் வயல், வரப்பில் பனை. திருப்பாலைவனத்திலிருந்து பழவேற்காடு போகிற சாலையில் கொஞ்ச நேரம் ஏசியை அணைத்துக் கண்ணாடியை இறக்கச் சொல்லுங்கள்.

திரும்பும்போது எண்ணூரில் ஏன் நிறுத்துகிறீர்கள் என்று சிலர் முகம் சுளிப்பார்கள். கொசஸ்தலை ஆறு கடலில் கலக்கும் இடம் அது. ஒரு காலத்தில் வெள்ளைக்காரர்கள் விடுமுறைக்குப் போன கரை. இன்று அதே முகத்துவாரத்தின் பின்னணியில் அனல்மின் நிலையப் புகைபோக்கிகள் நிற்கின்றன. சாம்பல் கொண்டுபோகும் குழாய்கள் உடைந்து உடைந்து ஆற்றில் சாம்பல் படிந்து ஆழம் குறைந்துவிட்டது, மீனும் குறைந்துவிட்டது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலி தொழிற்பேட்டைப் பக்கமிருந்து பக்கிங்காம் கால்வாய் வழியாக எண்ணெய் இறங்கி, காட்டுக்குப்பம் போன்ற ஊர்களில் படகு, வலை, வீட்டுச் சுவர் எல்லாம் கறுத்துப் போனது. கூழைக்கடாக்கள் இறகு ஒட்டிப்போய்க் கரையில் உட்கார்ந்திருந்த படங்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

நம் வீட்டு மின்விசிறி சுற்றுவதும் அந்தப் புகைபோக்கியால்தான். அதனால் அந்தக் கால் மணி நேரத்தை நான் அட்டவணையிலிருந்து எடுப்பதில்லை.

போட்டிங் உண்டா? யூடியூப்ல எல்லாரும் போறாங்களே!

எங்கள் பயணத்தில் கிடையாது. 2011 டிசம்பர் 25 அன்று பழவேற்காட்டில் உல்லாசமாகப் போன படகு கவிழ்ந்து 22 பேர் இறந்தார்கள். அதன் பிறகுதான் சுற்றுலாப் பயணிகளைப் படகில் ஏற்றத் தடை வந்தது. ஏரி ஆழமில்லாததுபோல் தெரியும். முகத்துவாரம் பக்கம் போனால் கடலும் ஏரியும் இழுத்துக்கொள்ளும் இடம். மீன்பிடிப் படகு மீன்பிடிக்கச் செய்தது, முப்பது பேர் எழுந்து நின்று செல்ஃபி எடுக்கச் செய்ததில்லை.

கரையில் வந்து ‘வாங்க சார், ஒரு ரவுண்டு’ என்று யாராவது கூப்பிடலாம். அவர் பிழைப்பு அது, அவரிடம் சண்டை போட வேண்டாம். ‘வேண்டாம்ணே’ என்று சொல்லிவிட்டு, அந்தப் பணத்துக்கு அங்கே பெண்கள் முடையும் பனையோலைப் பெட்டி வாங்கிவிடுங்கள். பாலத்தின் மேல் நின்றாலே ஏரி கண்ணுக்கெட்டிய தூரம் தெரியும். படகுப் போக்குவரத்துக்கு முறையான அனுமதி, உயிர்காப்பு உடை எல்லாம் வந்தால் இந்தப் பதிலை மாற்றுகிறேன்.

பூநாரை கண்டிப்பா தெரியுமா? அதுக்காகத்தான் கேமரா வாங்கினேன்.

கண்டிப்பாக என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள். பழவேற்காடு, ஒடிசாவின் சிலிகா ஏரிக்கு அடுத்து நாட்டின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி. அதன் பெரும்பகுதி ஆந்திரத்தில் இருக்கிறது. பூநாரை முழங்கால் அளவுத் தண்ணீரில் நின்று சேற்றை அலசிச் சாப்பிடும் பறவை, தண்ணீர் எங்கே சரியாக வற்றியிருக்கிறதோ அங்கே போய்விடும். நம் பக்கக் கரையில் தூரத்தில் வெள்ளைக் கோடாகத் தெரிந்தாலே அதிர்ஷ்டம். கூழைக்கடாவும் கொக்கும் மஞ்சள் மூக்கு நாரையும் கிடைக்க வாய்ப்பு அதிகம்.

பூநாரை மட்டுமே குறி என்றால் இந்தப் பயணம் உங்களுக்கானதில்லை. கும்மிடிப்பூண்டி, தடா தாண்டி சூலூர்ப்பேட்டை போங்கள். அங்கிருந்து ஸ்ரீஹரிகோட்டாவுக்கு ஏரியின் நடுவே சாலை போகிறது. சாலையோரம் நின்றே நல்ல படம் எடுக்கலாம். ஏவுதளம் இருக்கும் தீவு என்பதால் அந்தப் பக்கம் எதுவரை விடுவார்கள் என்பதைக் கேட்டுக்கொண்டு போங்கள்.

அம்மா வர்றாங்க. மூணு அம்மனையும் ஒரே நாள்ல பாத்துடலாமா?

மேலூர் திருவுடையம்மன், திருவொற்றியூர் வடிவுடையம்மன், வடதிருமுல்லைவாயில் கொடியிடையம்மன். பௌர்ணமியும் வெள்ளிக்கிழமையும் சேரும் நாளில் மூவரையும் காலை, மதியம், மாலை தரிசிப்பது வழக்கம். அது தனிப் பயணம், அன்று கூட்டமும் தனி. இதோடு அதைச் சேர்த்தால் இரண்டும் கெடும். மேலூர் மீஞ்சூருக்குப் பக்கத்தில் இருப்பதால் அம்மாவுக்காக அங்கே மட்டும் நிறுத்தலாம், நடை சாத்தும் நேரத்துக்குள் போக வேண்டும்.

திருவொற்றியூரில் நாம் நேரம் எடுத்துப் பார்ப்போம். கருவறை விமானம் பின்பக்கம் வளைந்து, யானை படுத்ததுபோல இருக்கும். ராஜேந்திர சோழன் காலத்துக் கல் கட்டுமானம். இலக்கணம் சொல்லிக்கொடுத்த மண்டபம் ஒன்று இங்கே இருந்ததாகக் கல்வெட்டு சொல்கிறது. ‘உன்னைப் பிரியேன்’ என்று சுந்தரர் சங்கிலியாருக்கு மகிழ மரத்தடியில் சத்தியம் செய்ததும், ஊரைத் தாண்டியதும் கண் போனதும் இந்தத் தலத்துக் கதைதான். வெளியே கடற்கரைப் பக்கம் பட்டினத்தார் சமாதி. அங்கே லாரிச் சத்தம் அதிகம், அதையும் சேர்த்துதான் கும்பிட வேண்டும்.

இங்கே மூலவரான ஆதிபுரீசுவரரின் மேல் இருக்கும் கவசம் கார்த்திகைப் பௌர்ணமியை ஒட்டி மூன்று நாள் மட்டுமே களையப்படும். அந்த மூன்று நாளில் எங்களை வேன் கேட்காதீர்கள், மெட்ரோவில் திருவொற்றியூர் தேரடியில் இறங்குவதே புத்திசாலித்தனம்.

சாப்பாடு, பாத்ரூம் எல்லாம் எப்படி?

பெண்கள் முதலில் கேட்பது இரண்டாவதை, ஆண்கள் முதலாவதை. கழிவறைக்குப் பொன்னேரி டிபன் நிறுத்தத்தை நம்புங்கள், பழவேற்காட்டை நம்பாதீர்கள். அதனால்தான் நாங்கள் டிபன் கடையைச் சுவை பார்த்து அல்ல, கழிவறை பார்த்துத் தேர்ந்தெடுக்கிறோம். இட்லி சுமார் என்று யாரும் புகார் சொல்லக் கூடாது.

மதியம் பழவேற்காட்டில் மீன், இறால், நண்டு. காலையில் போனவுடனேயே எத்தனை பேர் என்று கடையில் சொல்லிவிட்டால் ஏரி இறால் தொக்கு கிடைக்கும். சைவம் சாப்பிடுபவர்கள் கட்டுச்சோறு கொண்டுவருவது நல்லது. மாலையில் யாருக்காவது பசித்தால் பீச் ஸ்டேஷன் பக்கம் அத்தோ என்னும் நூடுல்ஸ் இருக்கவே இருக்கிறது. பர்மாவிலிருந்து திரும்பியவர்கள் கொண்டுவந்த உணவு, வடசென்னைக்காரர்களுக்கு விளக்கம் தேவையில்லை.

வேன் வேணாம், ட்ரெயின்ல போனா ஆகாதா?

நன்றாக ஆகும். கும்மிடிப்பூண்டி போகும் மின்ரயிலில் பொன்னேரியில் இறங்கி, அங்கிருந்து பழவேற்காடு பஸ். தனியாகவோ இரண்டு பேராகவோ போனால் செலவு மிகக் குறைவு. ஆனால் மேலே சொன்ன வரிசையை அப்படியே பின்பற்ற முடியாது. பழவேற்காடு, திருவொற்றியூர் இரண்டோடு நிறுத்திக்கொள்ளுங்கள். திரும்பும் ரயிலில் திருவொற்றியூரில் இறங்கிவிடலாம்.

விலை பேசும்போது என்ன கேக்கணும்?

தலைக்கு இவ்வளவு என்று சொன்னதும் தலையாட்டாதீர்கள். ஓட்டுநர் பேட்டா, சுங்கம், வழிகாட்டி கூலி, மதியச் சாப்பாடு இதில் எது உள்ளே, எது வெளியே என்று எழுத்தில் வாங்குங்கள், வாட்சாப் செய்தி போதும். எத்தனை இடம் நிறுத்துவார்கள் என்பதையும் கேளுங்கள். ஒரே நாளில் பன்னிரண்டு இடம் என்று பட்டியல் நீட்டுபவர், ஒன்றிலும் உங்களை இறங்கவிட மாட்டார்.

போட்டோ எடுத்தா யாராவது தடுப்பாங்களா?

துறைமுகம், அனல்மின் நிலையம் ஆகியவற்றின் வாசல் பக்கம் கேமரா வேண்டாம், பாதுகாவலர் வந்து அழிக்கச் சொல்வார். கோயில் கருவறையில் எங்கேயும்போலப் படம் எடுக்கக் கூடாது. வலை பின்னுபவர்கள், மீன் விற்கும் அம்மாக்கள் ஆகியோரைக் கேட்டுவிட்டு எடுங்கள். எண்ணெய் கொட்டிய சமயத்தில் ஊர் முழுக்க வந்து படம் எடுத்துப் போனவர்கள் திரும்ப எட்டிப் பார்க்கவில்லை என்ற கோபம் எண்ணூர் குப்பங்களில் இன்னும் இருக்கிறது.

அண்ணன் குடும்பம் கப்பல்ல வர்றாங்க, சென்னைத் துறைமுகத்துல எட்டு மணி நேரம் நிக்குமாம். பழவேற்காடு கூட்டிட்டுப் போயிட்டு வந்துடலாமா?

2022-இல் சென்னையிலிருந்து உல்லாசக் கப்பல் ஓடத் தொடங்கியதிலிருந்து இதுவும் வாடிக்கையான கேள்வியாகிவிட்டது. வேண்டாம். எட்டு மணி நேரம் என்பது கப்பல் நிற்கும் நேரம், இறங்கி, சோதனை முடிந்து, வாயிலுக்கு வர ஒரு மணி நேரம் போகும். புறப்படுவதற்கு வெகு முன்பே எல்லோரும் ஏறியிருக்க வேண்டும் என்று ஒரு நேரம் கொடுப்பார்கள். மிச்சம் இருப்பது ஐந்து மணி நேரம். அதில் மணலி சாலையில் லாரி ஒன்று குறுக்கே நின்றால் போதும்.

கப்பல் நிறுவனமே ஏற்பாடு செய்யும் கரைச் சுற்றுலாவில் போனால், பேருந்து தாமதமானாலும் கப்பல் பொதுவாகக் காத்திருக்கும். நாமாகக் கூட்டிப்போனால் காத்திருக்காது, அடுத்த துறைமுகத்துக்குச் சொந்தச் செலவில் போய்ப் பிடிக்க வேண்டியதுதான். இந்த வித்தியாசத்தை அண்ணனிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

அவர்களுக்குத் துறைமுகத்தை ஒட்டியே பார்க்க நிறைய இருக்கிறது. புனித ஜார்ஜ் கோட்டை அருங்காட்சியகத்தில் 1947 ஆகஸ்ட் 15 அன்று ஏற்றிய மூவர்ணக் கொடி இருக்கிறது, வெள்ளிக்கிழமை மட்டும் விடுமுறை. உயர்நீதிமன்ற மதிலில், 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் குண்டு வீசியதற்கான கல்வெட்டு. ஆர்மீனியன் தெருவில் மணிக்கூண்டோடு ஆர்மீனியர் தேவாலயம். தம்புச் செட்டித் தெருவில் சிவாஜி வந்து கும்பிட்டதாகச் சொல்லும் காளிகாம்பாள். கடைசியாக ராயபுரம் நிலையம். எல்லாம் சில கிலோமீட்டருக்குள், ஆட்டோவிலேயே முடித்துவிடலாம். ஆட்டோ துறைமுகத்துக்குள் போகாது, எந்த வாயிலில் காத்திருப்பது என்று அண்ணனை முதல் நாளே கப்பலில் கேட்டு வைக்கச் சொல்லுங்கள்.